பண்ணைப்புரத்துக் காது

(போடிநாயக்கனூரில் நடந்த வாசகர் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



  

இளையராஜாவைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். போடியில் நின்று இளையராஜாவைப் பற்றிப் பேசுவது கொல்லன் தெருவில் ஊசி விற்கிற வேலைதான். இங்கே பஸ் ஏறினால் சிலமலை, ராசிங்காபுரம், தேவாரம், அதைத் தாண்டினால் பண்ணைப்புரம். அவர் பிறந்த தெரு எது, படித்த பள்ளிக்கூடம் எது என்பதெல்லாம் உங்களில் பலருக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். அவருடைய பாட்டைப் பற்றியும் நான் புதிதாகச் சொல்ல எதுவும் மிச்சமில்லை. டீக்கடையில் நிற்கிறவர்கூட எந்தப் பாட்டு என்ன ராகம் என்று சொல்கிற காலம் இது. அதனால் இன்றைக்குப் பாட்டைத் தொடப்போவதில்லை. ஒரு பாட்டு முடிந்து அடுத்த பாட்டு வருகிற வரைக்கும் படத்தில் என்னென்னவோ கேட்கிறதே, அதைப் பற்றி மட்டும் பேசுகிறேன். அவருடைய காப்புரிமை வழக்குகளைப் பற்றியும் கேட்காதீர்கள். அதற்கு வக்கீலைத்தான் கூப்பிட வேண்டும்.

நான் சொல்ல வந்தது இதுதான். இன்று டைட்டில் கார்டில் ‘சவுண்ட் டிசைன்’ என்று ஒருவர் பெயர் தனியாக வருகிறது. ஒரு காட்சியில் என்ன கேட்க வேண்டும், எது கேட்கக் கூடாது, எது பக்கத்திலிருந்தும் எது தூரத்திலிருந்தும் வர வேண்டும், எந்த இடத்தில் சத்தமே கூடாது என்று தீர்மானிப்பவர் அவர். தமிழ் சினிமாவில் அந்தப் பதவியே இல்லாத காலத்தில், அந்த வேலையில் பெரும்பங்கை இசையமைப்பாளர் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு செய்தவர் இளையராஜா. அந்த வேலைக்கு வேண்டிய காது அவருக்கு இந்த மலையடிவாரத்தில் கிடைத்தது என்பது என் கட்சி.

ஒரு விருது விவரத்திலிருந்து ஆரம்பிக்கிறேன். 2009ஆம் ஆண்டுப் படங்களுக்கான தேசிய விருதுகளில் இரண்டு மாற்றங்கள் வந்தன. இசையமைப்புக்கு அதுவரை பெரும்பாலும் ஒரே விருதுதான். அந்த முறை பாடலுக்கு ஒன்று, பின்னணி இசைக்கு ஒன்று என்று பிரித்தார்கள். ஒலிப்பதிவுக்கான விருதையும் படப்பிடிப்புத் தள ஒலி, ஒலி வடிவமைப்பு, இறுதிக் கலவை என்று மூன்றாக்கினார்கள். அப்படிப் பிரிந்த பின்னணி இசை விருது இளையராஜாவுக்கு. புதிதாக வந்த ஒலி வடிவமைப்பு விருது ரசூல் பூக்குட்டிக்கு. இரண்டு பேருக்குமே ஒரே படத்துக்காக: ஹரிஹரன் இயக்கிய ‘கேரள வர்மா பழசிராஜா’. அதே ஆண்டு பிப்ரவரியில்தான் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ படத்துக்காக ரசூல் ஆஸ்கர் வாங்கியிருந்தார். ஒரு பக்கம் முந்தைய தலைமுறை ஆள். மறுபக்கம் புனே திரைப்படக் கல்லூரியில் ஒலியைப் பாடமாகப் படித்து 1995இல் வெளியே வந்தவர். வயநாட்டுக் காட்டில் நடக்கும் ஒரு கதைக்கு இரண்டு பேரும் இரண்டு பக்கத்திலிருந்து சத்தம் சேர்த்தார்கள். காட்டின் ஓசை எல்லாம் ஒருவர் பொறுப்பு, இசை எல்லாம் இன்னொருவர் பொறுப்பு என்று வேலை தெளிவாகப் பிரிந்துவிட்டதை அரசாங்கமே ஒப்புக்கொண்ட ஆண்டு அது. அதற்கு முன்பு வெகுகாலம் அந்த இரண்டும் எப்படி ஒரே ஆளின் தலையில் இருந்தன என்பதுதான் பார்க்க வேண்டியது.

முதலில் ஊரைச் சொல்லிவிடுகிறேன். நமக்கு மேற்கே மலை. ஆனி, ஆடியில் தென்மேற்குப் பருவமழை மலைக்கு அங்கிட்டுக் கொட்டுகிறது; இங்கிட்டு நமக்குக் காற்று மட்டும் கணவாய் வழியாக வந்து சேர்கிறது. ஈரமில்லாத காற்று. தகரக் கூரை, தென்னை, மின்கம்பி என்று ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு குரல் எழுப்பும். அடிவாரத்தில் நின்று கூப்பிட்டால் எதிர்ச் சரிவு 340 மீட்டர் தள்ளி இருந்தால் நம் குரல் இரண்டு விநாடி கழித்துத் திரும்பி வரும். மலையடிவாரத்துப் பிள்ளைக்கு இது பாடம் இல்லை, விளையாட்டு. மாடு எந்த ஓடையில் மேய்கிறது என்பதை மணிச்சத்தத்தை வைத்துச் சொல்கிற ஊர் இது. சத்தம் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்கிற கணக்கு, சமவெளிக்காரனைவிட மலையடிவாரத்துக்காரனுக்குச் சீக்கிரம் வந்துவிடும். இது என் ஊகம்தான். ஆனால் சும்மா சொல்லவில்லை.

அடுத்தது பாவலர் வரதராஜன். இளையராஜா குடும்பத்தின் மூத்தவர், கம்யூனிஸ்ட் கட்சி மேடைகளின் பாடகர். 1958இல் மலைக்கு அந்தப் பக்கம் தேவிகுளம் தொகுதியில் இடைத்தேர்தல். கேரளத்தில் இ.எம்.எஸ். நம்பூதிரிபாடின் முதல் கம்யூனிஸ்ட் அரசு நடந்துகொண்டிருந்த நேரம். கட்சியின் வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ். ஓட்டுப் போடுகிற தோட்டத் தொழிலாளர்களில் பெரும்பகுதி தமிழர்கள். வரதராஜன் அவர்கள் குடியிருந்த லயங்களுக்குப் போய்ப் பாடினார். ரோசம்மா ஜெயித்தார். அந்த வெற்றியில் பாவலர் பாட்டுக்கு இருந்த பங்கை இந்தப் பகுதி இடதுசாரிகள் இன்றைக்கும் பெருமையாகச் சொல்வார்கள். பின்னாளில் தம்பிகள் பாஸ்கர், ராசய்யா, அமர்சிங் எல்லோரும் சேர்ந்து ‘பாவலர் பிரதர்ஸ்’ ஆனார்கள். அந்த ராசய்யாதான் இளையராஜா, அமர்சிங்தான் கங்கை அமரன். சுமார் பத்து வருஷம் தென்னிந்தியா முழுக்கச் சுற்றினார்கள். திறந்த வெளி, காற்று, ஓயாத கூட்டம், நம்ப முடியாத மைக். எந்த வாத்தியம் பத்தடியில் செத்துவிடும், எது கடைசி வரிசை வரைக்கும் போகும் என்பதை அந்த மேடைகள் கற்றுக்கொடுத்திருக்கும். எந்தக் கல்லூரியிலும் அப்படி ஒரு ஒலியியல் பட்டறை கிடையாது.

1968இல் சென்னைக்குப் போனார். தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசையும் கிதாரும் கற்றார், ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தார், 1976 மே மாதத்தில் பஞ்சு அருணாசலத்தின் ‘அன்னக்கிளி’ வந்தது. இதெல்லாம் உங்களுக்கு மனப்பாடம். கடந்து போகிறேன்.

கடக்கக் கூடாத விஷயம் அன்றைய தொழில்நிலைமை. அன்றைக்கு வெளிப்புறப் படப்பிடிப்பில் பரவலாக ஓடியது ஆரிஃப்ளெக்ஸ் 2சி கேமரா. தோளில் தூக்கிக்கொண்டு வயலுக்கும் ஆற்றுக்கும் போகலாம் என்பதால்தான் இயக்குநர் பாரதிராஜா தலைமுறை ஸ்டூடியோவை விட்டு வெளியே வர முடிந்தது. ஆனால் அது ஓடும்போது தையல் மெஷின் மாதிரி சத்தம் போடும். அந்தச் சத்தத்தோடு வசனத்தை ஒழுங்காகப் பதிய முடியாது. ஆகவே படப்பிடிப்பில் பதிவது ஒப்புக்குத்தான். பிறகு தியேட்டரில் உட்கார்ந்து நடிகர்கள் உதட்டசைவைப் பார்த்து மறுபடி பேசுவார்கள். விளைவு என்ன? கிராமத்துக்குப் போய்ப் படம் பிடித்தார்கள். படத்தை மட்டும் கொண்டுவந்தார்கள். கிராமத்தின் சத்தத்தை அங்கேயே விட்டுவிட்டு வந்தார்கள். ஆறு, குருவி, காற்று, பக்கத்து வீட்டு அம்மிச் சத்தம் எதுவும் பெட்டிக்குள் ஏறவில்லை. எடிட்டிங் மேசைக்கு வந்து சேர்ந்தது ஊமைக் கிராமம்.

அதில் சத்தம் சேர்க்க எஃபெக்ட்ஸ் ஆட்கள் இருந்தார்கள். கதவு, காலடி, வண்டி, அறை என்று காட்சிக்குத் தேவையான நேரடி ஓசைகளை உண்டாக்குவார்கள். அதில் வித்தகர்கள் இருந்தார்கள், குறை சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு வெளியின் சூழல், விடியற்காலைக்கும் உச்சிவெயிலுக்கும் உள்ள வேறுபாடு, இவற்றுக்கெல்லாம் நேரமும் கிடையாது, தடமும் கிடையாது. கடைசியில் எல்லாம் சேர்ந்து ஒரே ஒரு மோனோ ஆப்டிகல் தடத்தில் போய் நிற்கும். ஃபிலிம் ஓரத்தில் அச்சாகும் அந்த மெல்லிய கோட்டில் சுமார் 8,000 ஹெர்ட்ஸுக்கு மேல் உள்ள ஓசைகள் பெரும்பாலும் மங்கிவிடும். இலை சலசலப்பும் மழைச் சாரலும் உயிரோடு இருப்பது அந்த மேல்பகுதியில்தான். இருபது ஊர் ஓடித் தேய்ந்த பிரிண்ட் நம் ஊர் டூரிங் டாக்கீஸுக்கு வரும்போது, மழைக்கும் பிரிண்டின் கரகரப்புக்கும் வித்தியாசம் தெரியாது. போதாக்குறைக்கு வெளியே ஜெனரேட்டர்.

இப்போது இசையமைப்பாளர் நிலையில் நின்று யோசித்துப் பாருங்கள். நிஜமான காற்றைப் போட்டால் இரைச்சலாகக் கேட்கும். புல்லாங்குழலைப் போட்டால் அது காற்றாகக் கேட்கும். நிஜமான தூரத்தைக் காட்ட ஸ்பீக்கர் ஒன்றுதான். ஆனால் ஒரு சொற்றொடரைக் குழல் சொல்லி, அதையே வயலின்கள் மெல்ல, தாமதித்துத் திருப்பிச் சொன்னால் எதிரே ஒரு மலை எழும்பிவிடுகிறது. நம் சரிவில் கூப்பிட்டால் இரண்டு விநாடி கழித்து வருகிற அதே மலை. இளையராஜாவின் எழுபதுகள், எண்பதுகளின் பின்னணி இசையைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் அதில் முன்னும் பின்னும் உண்டு. பக்கத்தில் பேசும் வாத்தியம், தொலைவில் பதில் சொல்லும் வாத்தியம் என்று அடுக்குகள் உண்டு. மோனோவுக்குள் ஆழம் காட்டினார். ராகத்துக்கு அப்பாற்பட்ட வேலை அது.

இன்னொரு வேடிக்கையைச் சொல்கிறேன். ‘16 வயதினிலே’ நம் தேனி மண்ணின் படம் என்றுதானே எல்லோரும் நினைக்கிறோம்? 1977இல் அதைப் பெரும்பாலும் எடுத்தது கர்நாடகத்தில், கொள்ளேகால், மைசூர்ப் பக்கம். ‘முதல் மரியாதை’ எடுத்ததும் காவிரிக்கரையில் தலக்காடு, சிவசமுத்திரம் பக்கம்தான். ஆறு அவர்களுடையது, மரம் அவர்களுடையது. ஆனால் அல்லிநகரத்து பாரதிராஜாவின் ஆட்கள் வாயைத் திறந்ததும், பண்ணைப்புரத்துக்காரரின் குழல் எழுந்ததும் அது நம் ஊராகிவிட்டது. கண் கர்நாடகத்தைப் பார்த்தது, காது தேனியைக் கேட்டது. காது சொன்னதைத்தான் மனசு நம்பியது. ‘முதல் மரியாதை’ படம் இளையராஜாவுக்குப் பிடிக்கவில்லை என்றும், பிடிக்காமலேதான் அப்படி ஒரு பின்னணி இசையைச் செய்துகொடுத்தார் என்றும் பாரதிராஜாவே சொல்லியிருக்கிறார். தொழில்காரன் என்பவன் அப்படித்தான்.

சரி, அந்த வேலை எப்படி நடந்தது? ஃபிலிம் விநாடிக்கு 24 ஃபிரேம் ஓடும். நிமிடத்துக்கு 90 அடி. ஆயிரம் அடி ரீல் என்றால் சுமார் பதினோரு நிமிடம். ‘ஆர்.ஆர்.’ என்று நாம் சொல்கிற ரீ-ரிக்கார்டிங்கில் ரீலைப் போட்டுக் காட்டுவார்கள். கதாநாயகி கடிதத்தைப் பிரிக்கும் இடத்திலிருந்து அவள் கண் நிறையும் இடம்வரை 12 அடி என்றால் எட்டு விநாடி. அந்த எட்டு விநாடியில் என்ன தாளத்தில் எத்தனை மாத்திரை, எங்கே ஆரம்பித்து எங்கே கையை எடுப்பது என்று கணக்குப் போட்டு, ஆர்மோனியத்தைக்கூடத் தொடாமல் நேரே தாளில் ஸ்டாஃப் நோட்டேஷன் எழுதுவார். உதவியாளர்கள் வயலினுக்கு, செல்லோவுக்கு, குழலுக்கு என்று பிரதி எடுப்பார்கள். திரையில் காட்சி ஓட, எதிரே ஆர்கெஸ்ட்ரா வாசிக்கும். வி.எஸ். நரசிம்மனின் வயலின், அருண்மொழி என்கிற நெப்போலியனின் குழல், சதானந்தத்தின் கிதார், புருஷோத்தமனின் தாளம் என்று அந்தக் கூட்டத்தில் ஒவ்வொருவரும் தனித்துப் பேச வேண்டியவர்கள். யாராவது ஒருவர் பிசகினால் மறுபடி முதலிலிருந்து. இன்று கணினியில் இரண்டு ஃபிரேம் தள்ளி வைக்கிறோம். அன்று மனிதக் கையின் நிதானம்தான் ஃபிரேமுக்குப் பொருந்தியாக வேண்டும்.

இந்த அளவுகோல் எவ்வளவு கூர்மையானது என்பதற்கு ‘ஹே ராம்’ சாட்சி. முதலில் எல். சுப்ரமணியம் இசையில் பாடல்கள் படமாகிவிட்டன. பிறகு அவர் அந்தப் படத்தில் இல்லை என்றானது. ஏற்கெனவே எடுத்த காட்சிகளின் உதட்டசைவுக்குப் பொருந்தும்படி புது மெட்டு அமைத்துக் கொடுத்தார் இளையராஜா. பாட்டைத் தொடமாட்டேன் என்று சொல்லிவிட்டு இதைச் சொல்வது, அது பாட்டைவிட அளவெடுப்பைப் பற்றிய விஷயம் என்பதால்.

‘முள்ளும் மலரும்’ படத்துக்கு வருகிறேன். 1978, மகேந்திரன் இயக்கிய முதல் படம், ஒளிப்பதிவு பாலு மகேந்திரா. கதாநாயகன் காளி ஒரு மலைப்பகுதி மின்நிலையத்தில் விஞ்ச் ஆபரேட்டர். போடிக்காரர்களுக்கு விஞ்ச், ரோப் எல்லாம் புதிதில்லை. ஒரு காலத்தில் மூணாற்றுத் தேயிலை குண்டளை வழியாகச் சின்ன ரயிலில் டாப் ஸ்டேஷனுக்கு வந்து, அங்கிருந்து கம்பிவடத்தில் கொட்டகுடிக்கு இறங்கி, வண்டி கட்டி நம் ஊருக்குத்தான் வந்தது. 1924 வெள்ளம் அந்த ரயிலை அடித்துக்கொண்டு போனது. மலையாளத்தார் தங்கள் ஆண்டுக் கணக்கை வைத்து இன்றும் ‘தொண்ணூற்றொன்பது வெள்ளம்’ என்று சொல்கிற அதே வெள்ளம்.  போகட்டும். மகேந்திரன் அந்தப் படத்தில் வசனத்தை வேண்டுமென்றே குறைத்தார். இசை சேராத பிரதியைப் பார்த்த தயாரிப்பாளர் வேணு செட்டியார், வசனமே இல்லையே என்று பதறியதை மகேந்திரன் பிறகு சொல்லியிருக்கிறார். அந்த இடைவெளிகளை யார் நிரப்புவார் என்பது இயக்குநருக்குத் தெரியும். அதைவிட முக்கியம், எல்லா இடைவெளியையும் அவர் நிரப்பமாட்டார் என்பதும் தெரியும். அண்ணனும் தங்கையும் ஒருவரையொருவர் பார்க்கும் அந்தக் கடைசிப் பகுதியை இன்னொரு முறை பாருங்கள். இசை எங்கே நுழைகிறது, எங்கே வழிவிடுகிறது என்பதை மட்டும் கவனியுங்கள். கதை தெரிந்த படம்தானே, நஷ்டமில்லை.

1988இல் ‘வீடு’. பாட்டே கிடையாது. பாலு மகேந்திரா, இளையராஜா 1986இல் வெளியிட்ட ‘ஹவ் டு நேம் இட்’ இசைத்தட்டிலிருந்து எடுத்துப் பின்னணியாக வைத்தார். படத்துக்கென்று எழுதாத இசை, கல்லும் மண்ணும் சிமெண்டும் பேசுகிற படத்தில் போய் உட்கார்ந்தது. சொக்கலிங்க பாகவதர் நடித்த கிழவர் பாதி எழும்பிய சுவரைத் தடவிப் பார்க்கிற இடம் வருமே, அதில் என்ன கேட்கிறது என்று இன்று ராத்திரி பார்த்துவிட்டு எனக்குச் சொல்லுங்கள்.

புகழ்ந்துகொண்டே போனால் நீங்களும் நம்பமாட்டீர்கள். எண்பதுகளில் வருஷத்துக்கு நாற்பது படத்துக்கு மேல் செய்த ஆண்டுகள் உண்டு. அந்த வேகத்தில் எல்லாப் படமும் ஒரு தரத்தில் இருக்க முடியாது. நகைச்சுவைக் காட்சி என்றால் ஒரே மாதிரி குதிக்கிற பஸூன், அம்மா அழுதால் ஒரே மாதிரி ஷெனாய் என்று அச்சு வார்த்த வேலைகளும் அவரிடம் நிறைய இருக்கின்றன. படம் மோசமாக இருந்தால் இசையால் அதைத் தூக்கி நிறுத்தலாம் என்கிற கெட்ட பழக்கத்தை இயக்குநர்களுக்கு ஏற்படுத்தியதில் அவருக்கும் பங்குண்டு. சத்தத்தை யோசிக்காமலே படமெடுத்துவிட்டு, ‘ராஜா சார் பார்த்துக்குவாரு’ என்று விட்டவர்கள் எத்தனை பேர்! அவர் மேதைமையே தமிழ் சினிமாவின் ஒலித்துறையை ஒரு பத்துப் பதினைந்து வருஷம் சோம்பேறியாக வைத்திருந்தது என்று நான் நினைக்கிறேன். கோபப்படுகிறவர்கள் கூட்டம் முடிந்ததும் வாருங்கள், பேசுவோம்.

தொண்ணூறுகளில் நிலைமை மாறியது. 1992இல் ‘ரோஜா’. ஏ.ஆர். ரஹ்மானோடு சேர்ந்து வந்த ஒலிப்பொறியாளர் எச். ஸ்ரீதரின் பெயரைச் சினிமா ரசிகர்கள் மறந்துவிடக் கூடாது. ‘தில் சே’, ‘லகான்’, ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ என்று தேசிய விருதுகள் வாங்கியவர்; 2008 டிசம்பரில் நம்மைவிட்டுப் போனார். ‘குருதிப்புனல்’ 1995இல் டால்பி ஸ்டீரியோவையும், அடுத்த ஆண்டு ‘கறுப்பு ரோஜா’ டிடிஎஸ்ஸையும் தமிழுக்குக் கொண்டுவந்தன. ஒற்றை ஸ்பீக்கர் ஆறாகப் பெருகியது. பின்னால் நடப்பவனின் காலடி பின்னாலிருந்தே வந்தது. இலைச் சலசலப்புக்குத் தனி இடம் கிடைத்தது. இசையமைப்பாளர் சுமந்த பாரத்தில் பாதி இறங்கியது.

இறங்கிய பாரத்துக்கு நன்றி சொல்லி இசை கொஞ்சம் அமைதியாகியிருக்க வேண்டும். நடந்தது தலைகீழ். இடம் கிடைத்ததும் எல்லோரும் சத்தத்தைக் கூட்டினார்கள். இப்போது தியேட்டரில் கதாநாயகன் செருப்பை மாட்டினாலும் நெஞ்சு அதிர்கிறது. டிவி சீரியலில் மருமகள் திரும்பிப் பார்த்தால் மூன்று இடி.

அதனால்தான் ‘மேற்குத் தொடர்ச்சி மலை’ எனக்கு முக்கியமான படம். லெனின் பாரதி இயக்கி, விஜய் சேதுபதி தயாரித்து, தேனி ஈஸ்வர் ஒளிப்பதிவு செய்து 2018 ஆகஸ்டில் வந்தது. நம் மலை, நம் ஏலத்தோட்டம், நம் சுமைகாரர்களின் கதை. அடிவாரத்தில் சொந்தமாக ஒரு துண்டு நிலம் வாங்க ஆசைப்படுகிற ரங்கசாமி. இசை இளையராஜா. எழுபத்தைந்து வயது. ஆயிரம் படம் தாண்டியவர், ஆயிரமாவது படமான ‘தாரை தப்பட்டை’யின் பின்னணி இசைக்காகத் தேசிய விருதும் வாங்கிவிட்டவர். தன் சொந்த மண்ணின் கதை கையில் கிடைத்தால் ஒரு சாதாரண இசையமைப்பாளர் என்ன செய்வார்? குழலையும் உறுமியையும் வாரி இறைத்திருப்பார். இவர் ஒதுங்கி நின்றார். மலையேறும் மூச்சு, காலடியில் சரியும் கல், மழை, டீக்கடைப் பேச்சு இவையெல்லாம் முன்னால் வருகின்றன. இசை வெகு நேரம் வாசலுக்கு வெளியே காத்திருக்கிறது. ஏலக்காய் மூட்டை மலையிலிருந்து உருண்டு போகும் காட்சி நினைவிருக்கிறதா? ஒரு மனிதனின் ஆயுள் சேமிப்பு பள்ளத்தில் போகிறது. முடிவில் தன் கையைவிட்டுப் போன நிலத்தில் நிற்கிற காற்றாலைக்கு அவனே காவல்காரன். அவன் தலைக்கு மேல் அந்த இறக்கைகள் சுற்றுகின்றன. ஆண்டிபட்டிப் பக்கம் காற்றாலை அடியில் நின்றவர்களுக்கு அந்தச் சத்தம் தெரியும்.

மலையின் ஓசையை ஃபிலிமில் கொண்டுவர முடியாத காலத்தில் வாத்தியங்களால் ஒரு மலையைக் கட்டினார். மலையின் ஓசை தானே வந்து சேர்ந்த காலத்தில் வாத்தியங்களைக் கீழே வைத்தார். இரண்டையும் செய்தது ஒரே காது. 2025 மார்ச்சில் லண்டனில் தன் ‘வேலியண்ட்’ சிம்பொனியை அரங்கேற்றியதை நாடே கொண்டாடியது, நானும்தான். ஆனால் அவருடைய வாழ்க்கைத்தொழிலின் உச்சம் எது என்று என்னைக் கேட்டால், 2018இல் அவர் எழுதாமல் விட்ட இசையைச் சொல்வேன்.

இனி பின்வரிசைத் தம்பிகளுக்கும் தங்கைகளுக்கும் இரண்டு வார்த்தை. சினிமாவில் இசை என்றால் எல்லோரும் மெட்டுப் போடத்தான் ஆசைப்படுகிறீர்கள். ஒலியில் ஆள் தேவை அதைவிட அதிகம். தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படக் கல்லூரியில் ஒலிப்பதிவுக்கென்றே நான்கு வருஷப் பட்டப்படிப்பு இருக்கிறது. ரசூல் படித்த புனேயில் இருக்கிறது, கொல்கத்தாவில் சத்யஜித் ராய் நிறுவனத்தில் இருக்கிறது. ஆரம்பத்தில் நாள் முழுக்க பூம் கம்பைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து நிற்கிற வேலைதான் கிடைக்கும். கை வலிக்கும், காது பழகும். பேரும் லேசில் வராது. நன்றாகச் செய்த ஒலி வேலையை யாரும் கவனிக்கமாட்டார்கள், கெட்டால் மட்டும் கண்டுபிடிப்பார்கள். தெரிந்துகொண்டே வாருங்கள்.

கல்லூரிக்குப் போகுமுன் செய்ய வேண்டிய வேலை இங்கேயே இருக்கிறது. பிரபு சாலமன் 2010இல் ‘மைனா’வைக் குரங்கணியில் எடுத்ததிலிருந்து நம் மலையைக் காட்டாத சேனல் இல்லை. படமாக நம்மிடம் எல்லாம் இருக்கிறது. சத்தமாக என்ன இருக்கிறது? ஏலக்காய் ஏலம் முன்பு வாய்விட்டுக் கேட்டு நடந்தது. விலை ஏற ஏறக் குரல் ஏறும். இப்போது ஏலக்கூடத்தில் ஆளுக்கொரு கணினி, பொத்தான் தட்டுகிற சத்தம்தான். பழைய ஏலத்தின் குரலை யாராவது டேப்பில் வைத்திருந்தால் தயவுசெய்து கொண்டுவாருங்கள். மதுரையிலிருந்து வந்துகொண்டிருந்த மீட்டர்கேஜ் ரயில் 2010 டிசம்பர் 31ஆம் தேதியோடு நின்றது. 2023 ஜூன் 15ஆம் தேதி அகலப்பாதையில் ரயில் திரும்பி வந்தபோது ஆயிரம் செல்போனில் வீடியோ எடுத்தோம். இந்த ஹாரன் வேறு. அந்தப் பழைய கூவல் எந்தப் பெட்டியிலும் இல்லை என்றால் அது போனது போனதுதான்.

இருப்பதையாவது பிடியுங்கள். விடியலுக்கு முன் முந்தல் சாலையில் தோட்டத்து ஆட்களை ஏற்றிக்கொண்டு முனகி ஏறும் ஜீப்புகள். தோட்டத்து ஸ்டோரில் ராத்திரி முழுக்கக் காயும் ஏலக்காயும் அதற்குக் காவலிருப்பவர்களின் பேச்சும். காய்ந்த காயைத் தரம் பிரிக்கும் பெண்களின் சல்லடைச் சத்தம், அந்தத் தாளத்தோடு கலந்து வருகிற ஊர்க்கதை. கொட்டகுடி ஆறு வெள்ளத்தில் ஒரு மாதிரி, கோடையில் ஒரு மாதிரி. போடிமெட்டில் பனிக்குள் திரும்பும் பஸ்ஸின் ஹாரன். செல்போன் போதும். பதிவு செய்த தேதி, நேரம், இடம் மூன்றையும் முதலில் வாயால் சொல்லிவிட்டு, பிறகு பேசாமல் ஐந்து நிமிடம் நில்லுங்கள். பெண்கள் பேச்சைப் பதியுமுன் அவர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். ஒரு பிரதியை உங்கள் பள்ளிக்கூடத்திலும் இன்னொன்றை நூலகத்திலும் கொடுத்துவையுங்கள். ஆடி மாதத்தில் பதியப் போகிறவர்கள் மைக்குக்கு ஒரு பஞ்சு உறை போட்டுக்கொள்ளுங்கள்; நம் ஊர்க் காற்று வேறு எதையும் கேட்கவிடாது.